விழிப்புக்காரன்

சேந்தன் நான்தான். நிக்க வேண்டாம் அண்ணாச்சி, அந்த வலைக் குவியல் மேல உக்காருங்க. காஞ்ச வலைதான், வேட்டியில ஒட்டாது. உங்க மாடு ரெண்டும் நுரை தள்ளிக்கிட்டு நிக்குது. தண்ணி காட்டி வைக்கோல் போடச் சொல்லியிருக்கேன். கொஞ்சம் ஆறட்டும், கிளம்பிடலாம். வரமாட்டேன்னு சொல்லலை. வாரேன். கூப்பிட்ட துறைக்கு நான் போகாம இருந்ததே கிடையாது. ஆனா வந்து இறங்கினப்புறம் யார்கிட்டயும் வாய் திறக்க மாட்டேன். வேலைன்னா வேலைதான். அதனால சொல்ல வேண்டியதை இங்கனயே சொல்லிடுதேன்.

உங்க துறையிலயும் அதே வேர்வைக் காய்ச்சல்தானே? விடியக்காலம் குளிரெடுக்கும். பிடரியில யாரோ துடுப்பால அடிச்ச மாதிரி வலிக்கும். அப்புறம் உடம்பு கொதிச்சு வேர்வை ஊத்தும். சும்மா வேர்வை இல்லை, பாய் நனைஞ்சு தரை நனையும். புளிச்ச வாடை அடிக்கும். அதுக்கப்புறம் ஒரு உறக்கம் வரும் பாருங்க, அந்த உறக்கம்தான் ஆளைக் கொல்லுது. விடியும்போது பிடிச்சா, பொழுது அடையுறதுக்குள்ள ரெண்டுல ஒண்ணு தெரிஞ்சுபோகும். வைத்தியர் வந்து நாடி பாத்துக் கசாயம் காய்ச்சுறதுக்குள்ள ஆள் போயிருக்கும். அதான் வைத்தியரை விட்டுட்டு என்னைத் தேடி வந்திருக்கீக.

முந்தி நான் சிப்பிக் கொட்டில்ல காவலுக்கு நின்னவன். அந்தா தெரியுது பாருங்க, ஓலை சரிஞ்சு கிடக்குதே, அதுதான் கொட்டில். முத்துக்குளிப்புச் சமயத்துல தோணி தோணியா சிப்பியைக் கொண்டாந்து அதுக்குள்ள குவிச்சு அழுக விடுவாக. புழு தின்னு முடிச்சப்புறம் கூலியாளுக உக்காந்து கழுவுவாக. கழுவுற கை வாய்ப்பக்கம் போகக் கூடாது. போனா முத்து வயித்துக்குள்ள போயிடும். அதைப் பாக்குறதுதான் என் வேலை. கையில ஒரு பிரம்பு. மூக்கைச் சொறியக் கையைத் தூக்கினாலும் மணிக்கட்டுல ஒண்ணு விழும். கோபத்துல அடிக்க மாட்டேன். அதை நல்லா கேட்டுக்கிடுங்க. நான் கோபத்துல அடிக்குற ஆள் இல்லை.

என் வீட்டுக்காரி உலகாள் பிள்ளை பெத்த மூணாம் நாள் போயிட்டா. பொம்பளைப் பிள்ளை. செம்பின்னு பேரு. எங்க அண்ணன் அரியானுக்குப் பிள்ளை கிடையாது. அவன் பெண்டாட்டி ஆவுடை, எனக்கு மதினி, வந்து பிள்ளையைத் தூக்கிட்டுப் போயிட்டா. நான் கொடுக்கலை, அவளாத்தான் தூக்கினா. நான் பிள்ளையைப் பாக்கப் போனா வாசல்ல மறிச்சுக்கிட்டு, "அழுகின சிப்பி நாத்தத்தோட பிள்ளையைத் தொடாதீக கொழுந்தனாரே, குளிச்சிட்டு வாங்க"ம்பா. என் பிள்ளையைத் தொட எனக்குச் சட்டம் போட்டா. பிள்ளை அவளை அம்மைன்னு கூப்பிட்டுச்சு. என்னை அப்பான்னு கூப்பிடுறதுக்கு முன்னாடி என் கையைப் பாக்கும், பிரம்பு இருக்கான்னு. நான் ஒரு நாளும் பிள்ளை மேல பிரம்பு வச்சதில்லை அண்ணாச்சி. காய்ச்சலுக்கு முன்னாடி ஒரு நாளும் வச்சதில்லை.

இன்னொண்ணும் சொல்லுதேன். கழுவுற பொம்பளை ஒருத்திக்கு விரல் முறிஞ்சுபோச்சு. என் அடியிலதான் முறிஞ்சுதுன்னு சொன்னாக. அன்னைக்கு இந்த ஆவுடை கொட்டிலுக்கே வந்துட்டா. நாப்பது பேர் உக்காந்து கழுவிக்கிட்டிருக்காக. அத்தனை பேர் முன்னாடி சொன்னா: "கையில கம்பு இல்லேன்னா உம்மை இந்தக் கரையில ஒரு நாய்கூட திரும்பிப் பாக்காது." யாரும் சிரிக்கலை. சிரிச்சிருந்தாக்கூட தேவலை. எல்லாரும் குனிஞ்சு சிப்பியைப் பாத்துக்கிட்டிருந்தாக.

அதை நான் மனசுல வச்சுக்கிட்டேனான்னு கேக்காதீக. மறந்துட்டேன். சும்மா ஒரு பேச்சுக்குச் சொன்னேன்.

அந்த வருஷம் ஒரு பறங்கிக் கப்பல் பாய்மரம் முறிஞ்சு எங்க துறைக்கு வந்து நங்கூரம் போட்டுது. அது வந்த பத்தாம் நாளோ பதினோராம் நாளோ காய்ச்சல் ஆரம்பிச்சுது. கப்பல்ல இருந்து வந்துதா, அழுகின சிப்பியில இருந்து வந்துதா, கடல்காத்துல வந்துதா, யாருக்குத் தெரியும்? ஒருத்தரும் அந்த மாதிரி நோயைக் கேட்டதுகூட இல்லை. எங்க அண்ணன் காலையில காய்ச்சலோட தோணியில போனான். நடுக்கடல்ல விழுந்துட்டான். காத்து இல்லாம தோணி திரும்புறதுக்கு உச்சிப்பொழுது ஆயிட்டுது. அதுவரைக்கும் வெயில்ல கிடந்திருக்கான், வாயில சொட்டுத் தண்ணி விட ஆளில்லை. கரையில இறக்கினப்ப உறங்கிக்கிட்டிருந்தான். உறங்கிக்கிட்டே போயிட்டான். நான் கண்ணால பாத்தேன். உறக்கம்தான் கொன்னுது.

காய்ச்சல் கண்ட அஞ்சாம் நாள் கரையில பிணம் அடுக்க இடமில்லை. எங்க துறைத் தலைவர், பட்டங்கட்டின்னு சொல்லுவோம், தலையில துண்டைப் போட்டுக்கிட்டு மணல்ல உக்காந்திருக்காரு. அப்பத்தான் கப்பல்ல இருந்து ஒரு பறங்கி இறங்கி வந்தான். செம்பட்டைத் தாடி. ஒரு காது பாதிதான் இருந்தது. அவன் பாஷையை எங்களுக்குச் சொல்லுற துபாசி முதல் நாளே காய்ச்சல்ல போயிட்டான். அதனால இவன் கையாலயும் முகத்தாலயும் சொல்ல ஆரம்பிச்சான்.

அதை அப்படியே செஞ்சு காட்டுதேன், பாருங்க. முதல்ல தன் நெஞ்சைத் தொட்டான். அப்புறம் நெத்தியில இருந்து வேர்வை வழிக்குற மாதிரி வழிச்சான், நிறைய நிறைய வழிச்சான். அப்புறம் ரெண்டு கையையும் சேத்துக் கன்னத்துக்கு அடியில வச்சு, கண்ணை மூடி, குறட்டை விட்டான். அப்புறம் கண்ணைத் திறந்து, சிரிச்சு, நெஞ்சுல தட்டி, ஒரு குதி குதிச்சான். அதெல்லாம் அவன் பெருமை. நான் பெரிய ஆள், எனக்கு ஒண்ணும் ஆகாதுன்னு சொல்லுதான். பறங்கிக்கு அந்தத் திமிர் உண்டு. அடுத்ததுதான் முக்கியம். கிடக்குற பிணத்தைக் காட்டினான். ரெண்டு விரலால தன் இமையை விரிச்சுப் பிடிச்சான், இந்தா இப்படி. பிடிச்சுக்கிட்டே தள்ளாடித் தள்ளாடி நடந்து, தொப்புன்னு விழுந்து, நாக்கைத் தொங்கப் போட்டான்.

எல்லாரும் முழிக்குறாக. பட்டங்கட்டி, "என்னடா சொல்லுதான்?"னு கேக்காரு.

எனக்கு மட்டும் பளிச்சுன்னு விளங்கிப்போச்சு. "கண்ணைத் திறந்தே வச்சிருக்கணும்ங்கான் பட்டங்கட்டி. மூடினா விழுந்து சாவான்ங்கான்."

பட்டங்கட்டி எந்திரிச்சு என்னைப் பாத்தாரு. அவரு அதுவரைக்கும் என்னை நேராப் பாத்ததே இல்லை. "அரியானும் உறங்கித்தானே போனான்?"னாரு.

"ஆமா. உறங்கவிட்டுத்தான் கெட்டோம்"னேன்.

"சேந்தா, உனக்குத்தான் விளங்கியிருக்கு. நீயே பாத்துக்கோ"ன்னு சொல்லிட்டாரு. அன்னைக்கு நான் என் கொட்டிலுக்கு நடந்து போறேன், ஜனம் ரெண்டு பக்கமும் விலகி வழி விடுது. விலகி வழி விடுது அண்ணாச்சி.

வேலை எப்படின்னு நீங்களும் தெரிஞ்சுக்கிடணும். விடியும்போது குளிர் கண்டவனை உடனே கொட்டிலுக்குக் கொண்டாந்துடணும். உக்கார வச்சா சரிவான். அதனால நிக்க வச்சுத் தூண்ல கட்டணும், கக்கத்துக்குக் கீழ ஒரு கயிறு, முட்டிக்கு மேல ஒரு கயிறு. காதுக்குப் பக்கத்துல சங்கு ஊத ரெண்டு ஆள். தலை தொங்கினா உள்ளங்கால்ல பிரம்பு. அதுக்கும் எந்திரிக்கலைன்னா மிளகை அரைச்சுக் கண்ணுல இழுக்கணும். தண்ணி கேப்பாக. கொடுக்கக் கூடாது. தண்ணி குடிச்சா உறக்கம் வரும். இது பறங்கி சொல்லலை, நானே கண்டுபிடிச்சது. கெஞ்சுவாக. காலைப் பிடிக்க முடியாதுல்ல, கட்டியிருக்கும், அதனால வாயாலயே கெஞ்சுவாக. எந்த ஊர் பாஷையில கெஞ்சினாலும் ஒண்ணுதான். கொஞ்சம் உறங்க விடு, கொஞ்சம் உறங்க விடு. பெத்த தாய்மாருக வெளியில நின்னு காதைப் பொத்திக்கிடுவாக. நான் மட்டும் இல்லேன்னா அத்தனை பேரும் உறங்கியிருப்பாக.

பிழைச்சாகளான்னு கேப்பீக. பிழைச்சாக. பட்டங்கட்டி மகன் பிழைச்சான். நான் கஞ்சி குடிக்கப் போன நேரம் சங்கு ஊதுறவனுக ஏமாத்திட்டானுக, அந்தப் பயலுக்குக் கட்டு நழுவி, சிப்பிக் குவியல் ஓரமா மூணு நாழிகை கண்ணசந்து கிடந்திருக்கான். எனக்கு உயிரே போச்சு. எழுப்பி ரெண்டு மடங்கு கொடுத்தேன். பொழுது அடைஞ்சப்ப எந்திரிச்சு உக்காந்து சோறு கேட்டான். அந்த ரெண்டு மடங்குதான் காப்பாத்துச்சு. பட்டங்கட்டி என் கையைப் பிடிச்சுக் கண்ணுல ஒத்திக்கிட்டாரு. இந்தக் கையை. பிரம்பு பிடிச்ச இதே கையை.

செத்தவங்களும் உண்டு. நிறையத்தான். கொண்டு வர நேரமாயிட்டுது, நான் என்ன செய்ய? வீட்டுலயே கொஞ்சம் உறங்கவிட்டுட்டுத்தான் கொண்டு வாராக. உள்ளே இறங்கின உறக்கத்தை வெளிய எடுக்க யாரால முடியும்?

அந்தப் பறங்கி ஒரு தடவை கொட்டிலுக்கு வந்தான். உள்ளே எட்டிப் பாத்தான். அவன் மூஞ்சி சுண்ணாம்பா வெளுத்துப்போச்சு. காட்டுக் கத்தலாக் கத்திக்கிட்டு ஓடி வந்து என் பிரம்பைப் பிடுங்கி ஒடிச்சுப் போட்டான். கட்டியிருந்த ஒரு பொம்பளையோட கயிறை இடுப்புக் கத்தியால அறுக்க ஆரம்பிச்சான். கையைக் கன்னத்துல வச்சு வச்சுக் காட்டுதான், கண்ணுல தண்ணி ஊத்துது. வைத்தியத்தைச் சொல்லிக் கொடுத்தவனே வந்து அதைக் கெடுக்கான்னா, அவனுக்குக் காய்ச்சல் மூளையில ஏறிட்டுதுன்னுதானே அர்த்தம்? நாலு பேர் சேந்து துடுப்பால அடிச்சுத் தண்ணியில தள்ளினோம். நீந்திக் கப்பலுக்குப் போயிட்டான். மறுநாள், மாத்தி நட்ட பாய்மரத்துல பாய் விரிச்சுக் கப்பல் கிளம்பிட்டுது. நான் வேற பிரம்பு வெட்டிக்கிட்டேன்.

இனிமே சொல்லுறதைக் கொஞ்சம் பக்கத்துல வந்து கேளுங்க.

ஒருநாள் விடியும்போது ஆள் வந்து சொன்னான், உன் மதினி வீட்டுல ரெண்டு பேருக்கும் குளிர் கண்டுருக்குன்னு. ரெண்டு பேருக்கும். ஓடினேன். ஆவுடை பாயில கிடக்கா, பிள்ளை அவ பக்கத்துல சுருண்டு கிடக்கு, அவ கை பிள்ளை மேல கிடக்கு. அந்தக் கையை எடுத்து அந்தப் பக்கம் வச்சேன். பிள்ளையைத் தூக்கித் தோள்ல போட்டேன். அவ கண்ணைப் பாதி திறந்து பாத்தா. "கொழுந்தனாரே, என்னை அந்தக் கொட்டிலுக்குக் கொண்டு போவாதீக. உறங்க விடுங்க. ஒரு செம்புத் தண்ணி மட்டும் பக்கத்துல வச்சிட்டுப் போங்க"ன்னா.

நான் நின்னு அவளைப் பாத்தேன். அந்த நேரத்துல எனக்கு நாப்பது பேர் குனிஞ்சு சிப்பியைப் பாத்தது ஞாபகம் வந்துது. மறந்துட்டேன்னு சொன்னேன்ல, மறந்ததுதான், அந்த நேரம் மட்டும் வந்துது. "உறங்கு மதினி. நல்லா உறங்கு"ன்னேன். செம்புல தண்ணி மொண்டு வச்சு, அது போதாதுன்னு குடத்தையே இழுத்துப் பக்கத்துல வச்சேன். தண்ணி குடிச்சா இன்னும் சீக்கிரம் உறக்கம் வரும்ல. வாசல்ல ஓலைத் தட்டியை இறக்கிக் கட்டினேன், வெளிச்சம் படாம. வெளியில நின்ன ஆள்கிட்ட, "மதினிக்கு வேண்டியதைச் செஞ்சாச்சு, யாரும் உள்ளே போகாதீக"ன்னு சொன்னேன்.

பிள்ளையைக் கொட்டிலுக்குக் கொண்டு போனேன். கயிறு போடலை அண்ணாச்சி. உரசும்னு என் தலைத்துண்டை ரெண்டாக் கிழிச்சுக் கட்டினேன். சங்கு ஊதுறவனுகளை வெளிய அனுப்பிட்டு நானே ஊதினேன், மெதுவா, காது வலிக்காம. கதை சொன்னேன். சுறா கதை, அலை கதை, எனக்குத் தெரிஞ்சதெல்லாம். "அம்மைகிட்ட போணும்"னு சொல்லிக்கிட்டே இருந்துச்சு. "அப்பா இருக்கேன்ல"ன்னேன். அது என் கையைப் பாத்துச்சு. பிரம்பு இருந்துச்சு கையில.

தலை தொங்க ஆரம்பிச்சுது. கன்னத்துல தட்டினேன். தொங்குச்சு. கால்ல லேசா வச்சேன். லேசாத்தான். அப்புறம் லேசா வச்சா எந்திரிக்கலை. மத்த பிள்ளைகளுக்கு எப்படியோ அப்படித்தானே என் பிள்ளைக்கும்? என் பிள்ளைன்னு குறைச்சு அடிச்சா அது பாசமா, துரோகமா? நீங்களே சொல்லுங்க. நான் வேற யாருக்கும் அப்படிப் பாத்ததில்லை. ஒவ்வொரு அடிக்கும் நான் அழுதேன். அழுதுகிட்டேதான் செஞ்சேன்.

உச்சிப்பொழுதுக்குக் கொஞ்சம் முன்னாடி பிள்ளை கேட்டுது. "அப்பா, ஒரே ஒரு தடவை கண்ணை மூடிக்கிடட்டா? திறந்துடுதேன்."

அங்கதான் நான் தப்புப் பண்ணிட்டேன். அதுவரைக்கும் நான் தப்பே பண்ணினதில்லை. சரின்னு சொல்லிட்டேன். மூடிக்கிட்டுது. முகம் அப்படியே தெளிஞ்சுபோச்சு. மூச்சு சீரா வந்துது. நெத்தியில தொட்டுப் பாத்தேன், கொதிப்பு கொஞ்சம் இறங்கின மாதிரி இருந்துது. சாவுதான் அப்படி அமைதியா வரும், எங்க அண்ணன் மூஞ்சியிலயும் அந்த அமைதியைப் பாத்தவன் நான். மிளகைக் கையில எடுத்தேன்.

அதுக்கப்புறம் பிள்ளை கண்ணை மூடவே இல்லை. கண்ணைத் திறந்துக்கிட்டேதான் போச்சு. உச்சி தாண்டிக் கொஞ்ச நேரம் இருக்கும்.

ஒரு தடவை மூட விட்டேனே, அதுதான் கொன்னுட்டுது. எத்தனையோ பேரை விழிக்க வச்சவன், என் பிள்ளைக்கு ஒரு நொடி இளகிட்டேன். அன்னைக்கு முடிவு பண்ணினேன், இனிமே யாருக்கும் இளகுறதில்லைன்னு. அதுனாலதான் என்னை இத்தனை துறையில இருந்து தேடி வாராக.

பிள்ளையை நானே துணி சுத்தி, நானே தூக்கிட்டுப் போய், நானே குழி வெட்டி வச்சேன். பொழுது அடையுற நேரம் அண்ணன் வீட்டுக்குப் போனேன். அவளையும் எடுத்துப் புதைக்கணும்ல. தட்டியை அவுத்தேன். ஆவுடை உக்காந்திருக்கா. சேலையெல்லாம் நனைஞ்சு உடம்போட ஒட்டிக்கிடக்கு. குடம் காலி. மூஞ்சி எலும்பாத்தான் இருக்கு, ஆனா உக்காந்திருக்கா. என்னைப் பாத்ததும் கையெடுத்துக் கும்பிட்டா.

"ஊரையே தூண்ல கட்டி அடிச்சீக. என்னை மட்டும் உறங்க விட்டீக. என்னைப் பத்தி நீங்க என்ன நெனச்சாலும், இந்த உயிர் நீங்க கொடுத்தது"ன்னா. அப்புறம், "செம்பி எங்க?"ன்னா.

"போயிட்டா"ன்னேன்.

"கஷ்டப்பட்டாளா?"ன்னு கேட்டா. நான் காலிக் குடத்தை எடுத்து ஓரமா வச்சேன். "உங்க மடியிலதானே உறங்கினா?"ன்னா. நான் தட்டியைச் சுருட்டிக் கட்டினேன். அவளா ஒரு பதிலை வச்சுக்கிட்டு அழுதா.

என் கஷ்டத்தை இப்பப் பாருங்க. உறங்கினா சாவு. ஊருக்கே தெரிஞ்ச விஷயம். இவ விடிஞ்சதுல இருந்து பொழுது அடையுற வரைக்கும் உறங்கியிருக்கா, குடம் குடமாத் தண்ணி குடிச்சிருக்கா, இவ சாகலை. அப்படி ஒரு கெட்டி உயிர். சில ஜென்மங்களை நோய்கூட தொட யோசிக்கும். சரி, பிழைச்சா, போகட்டும். ஆனா அதுக்கு என்னைக் கும்பிடணுமா? காய்ச்சல் ஓய்ஞ்சப்புறம் தினம் உச்சிக்கு ஒரு கலயம் கஞ்சியும் சுட்ட கருவாடும் கொண்டாந்து வைப்பா. "கொழுந்தனாரு போட்ட உயிர்ப்பிச்சை"ன்னு பாக்குறவங்ககிட்டயெல்லாம் சொல்லுவா. செம்பிக்கு ஊட்டுன அதே கையால எனக்குக் கஞ்சி ஊத்துவா. நானும் குடிப்பேன். ஏழு மாசம் குடிச்சேன்.

ஒருநாள் கஞ்சியை ஊத்திட்டு, "நாம ரெண்டு பேரும்தான் மிச்சம். உங்களுக்கு இரக்க குணம் உண்டுன்னு எனக்கு முந்தித் தெரியாமப் போச்சு. கொட்டில்ல வந்து அன்னைக்கு அப்படிப் பேசினதுக்கு என்னை மன்னிச்சிடுங்க"ன்னா.

அதை நான் எப்படித் தாங்குவேன்? சொல்லிட்டேன். "உனக்கு இரக்கம் காட்டலை. நீ சாகணும்னுதான் உறங்க விட்டேன். தட்டியை இறக்கினது அதுக்குத்தான். செம்பியை உறங்கவிடலை, அவ பிழைக்கணும்னு. தூண்ல கட்டினேன், அடிச்சேன், மிளகு இழுத்தேன், என்னால முடிஞ்சதையெல்லாம் செஞ்சேன். அவ என் பிள்ளை. உன்னை எனக்குப் பிடிக்காது. என்னைக்கும் பிடிக்காது."

கலயம் அவ கையில அப்படியே நின்னுது. கத்துவான்னு பாத்தேன். கத்தலை. மூஞ்சியில அடிப்பான்னு பாத்தேன். அடிக்கலை. அப்புறம் கேட்டா, அன்னைக்குப் பாயில கிடந்து தண்ணி கேட்ட அதே குரல்ல கேட்டா:

"அந்த வெறுப்புல கொஞ்சம் பிள்ளை மேலயும் வச்சிருக்கக் கூடாதா நீரு? இன்னைக்கு உசுரோட இருக்குமே."

என்ன பேச்சு இது? பெத்த பிள்ளையை வெறுக்கணுமாம். புத்தி பிசகிட்டுதுன்னு அப்பவே தெரிஞ்சுபோச்சு எனக்கு. கஞ்சியை மணல்ல கொட்டிட்டுப் போனா. அதோட கஞ்சி நின்னுது. நல்லதாப் போச்சு.

மறுவருஷம் காய்ச்சல் திரும்பி வந்துது. நான் கொட்டில்ல ஏற்பாடெல்லாம் செஞ்சுக்கிட்டிருக்கேன். இவ வீடு வீடாப் போயிருக்கா. "கட்டாதீக. அடிக்காதீக. நிழல்ல போட்டுத் தண்ணி கொடுத்து உறங்க விடுங்க. நான் உறங்கித்தான் பிழைச்சேன், என்னைப் பாருங்க"ன்னு ஒவ்வொரு வாசலா நின்னு கத்தியிருக்கா. ரெண்டு வீட்டுக்காரங்க அவ பேச்சைக் கேட்டு ஆளை என்கிட்ட அனுப்பலை. ஒரு வீட்டுல ஆள் பிழைச்சான், அது குருட்டாம்போக்குல நடந்தது. இன்னொரு வீட்டுல செத்தான். செத்தவன் வீட்டுல போய் நான் நின்னேன். "உறங்க விட்டீகளா? இப்ப நல்லா உறங்குதானா?"ன்னு கேட்டேன். அவன் பொண்டாட்டி நெஞ்சுல அறைஞ்சுக்கிட்டா. அது போதும். ஜனம் ஆவுடை மேல கொதிச்சுப்போச்சு. பட்டங்கட்டி என்னைக் கூப்பிட்டு, "சேந்தா, அவ உன் மதினி, நீயே முடிச்சிடு"ன்னாரு.

நான் கொல்லலை அண்ணாச்சி. என்னைப் பத்தி அப்படி நெனச்சிடாதீக. துறை எல்லை வரைக்கும் நடத்திக் கொண்டு போய் விட்டேன். நடக்காத இடத்துல பிரம்பு வச்சேன், அவ்வளவுதான். கோபத்துல வைக்கலை. எல்லையைத் தாண்டி நின்னு திரும்பிப் பாத்து, "இன்னும் எத்தனை பேரைப் பாசமா அடிச்சுக் கொல்லப்போறீரு?"ன்னா. ஜனம் கல்லெடுத்துப்போட்டுது. போயிட்டா.

போயிட்டான்னா, எங்கயும் போகலை. தாழம்புதருக்குப் பக்கத்துல வண்டிப்பாதை திரும்புற இடம் இருக்கு பாருங்க, அங்கனதான் கிடக்கா. எந்தத் துறையில இருந்து என்னைக் கூப்பிட வண்டி வந்தாலும் ஓடி வந்து மாட்டுக்கு முன்னாடி விழுவா. நீங்க வரும்போது உங்க வண்டியை மறிச்சாளா? இல்லையா? அப்ப எங்கயோ தண்ணிக்குப் போயிருப்பா. திரும்பிப் போறப்ப மறிப்பா. என்னைப் பாத்துட்டான்னா விடவே மாட்டா. சக்கரத்தைப் பிடிச்சுக்கிட்டு, உறங்க விடுங்க, உறங்க விடுங்கன்னு அலறுவா. அதோட செம்பி பேரைச் சொல்லுவா. அதை மட்டும் என்னால கேக்க முடியாது. நான் காதைப் பொத்திக்கிடுவேன், நீங்க தப்பா எடுத்துக்கிடாதீக.

என்ன அண்ணாச்சி, மூஞ்சி ஒரு மாதிரி ஆயிட்டுது? பொம்பளை பாவம்னு பாக்குதீகளா? எனக்கும் பாவமாத்தான் இருக்கு. ஒரே வீட்டுச் சோறு தின்னவங்க நாங்க. ஆனா இதுல பாவம் பாத்தா வேலை நடக்காது. ஒரு தடவை பாத்துத்தான் என் பிள்ளையைப் பறிகொடுத்தேன்.

எந்திரிங்க, கிளம்புவோம். வண்டிக்காரன்கிட்ட முன்கூட்டியே சொல்லி வச்சிடுங்க, தாழம்புதர்கிட்ட அவ விழுந்தாலும் சரி, புரண்டாலும் சரி, வண்டியை நிறுத்தக் கூடாது. நிறுத்தினா அங்கனயே நேரம் போயிடும். உங்க துறையில இந்நேரம் யாராவது கண்ணை மூடியிருப்பாக.